‘மாதே’ என்று பதிவான தோசக்காய்

“பெயர்: மாதே. பயிர்: வெள்ளரி, சமையல் வகை, காய் உருண்டை, மஞ்சள். கிடைத்த இடம்: திருத்தணி, நகரி சாலையோரத் தோட்டம், சித்தூர் மாவட்டம், ஆந்திரப் பிரதேசம். கொடுத்தவர்: உழவர். குறிப்பு: இலையில் சாம்பல் நோய் காணவில்லை. நாள்: –”

வெளிநாட்டு விதை வங்கி ஒன்றின் பட்டியலில் உள்ள பதிவு இது. நாள் என்ற இடத்தில் ஒரு சின்னக் கோடு. காயின் நிறம், உருவம் எல்லாம் எழுதத் தெரிந்தவருக்கு அன்றைக்கு என்ன தேதி என்று எழுதத் தோன்றவில்லை. எங்கள் ஊர்ப் பெயர் எந்த மூலையில் அச்சாகியிருந்தாலும் அதைத் தேதியோடு குறித்து வைப்பது, அரக்கோணத்தில் ரயில்வே வேலை முடிந்து வீட்டோடு இருக்க ஆரம்பித்ததிலிருந்து என் பழக்கம். அப்படித் தேடிக்கொண்டிருந்தபோது கணினியில் இது அகப்பட்டது. முதலில் எனக்குக் கோபம் வந்தது அந்தக் கோட்டைப் பார்த்துத்தான்.

கோடு போட்டுவிட்டால் தேதி தெரியாமல் போய்விடுமா? ஆந்திரப் பிரதேசம் என்ற பெயரே 1956 நவம்பர் முதல் தேதிக்கு முன்னால் கிடையாது. திருத்தணி அந்த மாநிலத்தை விட்டு அன்றைய சென்னை மாநிலத்தோடு சேர்ந்தது 1960 ஏப்ரல் முதல் தேதி. எழுதியவர் பழைய வரைபடத்தைக் கையில் வைத்துக்கொண்டு எழுதவில்லை என்றால், இந்த இரண்டு தேதிகளுக்கும் நடுவில் யாரோ ஒருவர் நகரி சாலையில் வண்டியை நிறுத்தி, ஒரு தோசக்காயை எடுத்துக்கொண்டு போயிருக்கிறார்.

அடுத்தது அந்தப் பெயர். ரோமன் எழுத்தில் எம், ஏ, டி, இ. ஆங்கிலம் படித்தவர் அதை ‘மேட்’ என்றுதான் படிப்பார். எங்கள் ஊரில் பாதிப்பேர் வீட்டுக்குள் தெலுங்கு பேசுகிறவர்கள். அவர்கள் படித்தால் அது ‘மாதே’. தமிழில் சொன்னால், ‘எங்களுதுதான்’. ரகத்தின் பெயர் இருக்கவேண்டிய இடத்தில், அது யாருடையது என்று ஒருவர் சொன்ன சொல் உட்கார்ந்திருக்கிறது.

திருத்தணி மார்க்கெட்டில் நான் காய் வாங்குவது தேசம்மாவிடம். நகரி சாலையில் தன் அக்கா புருஷனின் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்துத் தோசக்காய் போடுகிறவள். தெற்கே இருப்பவர்களுக்காகச் சொல்லிவிடுகிறேன்: தோசக்காய் என்பது பச்சையாகக் கடிக்கிற நீள வெள்ளரி அல்ல. மஞ்சளாக, கைக்கு அடங்காத உருண்டையாக இருக்கும். பருப்போடு வேகவைத்துப் புளி விட்டுத் தாளிக்கிற காய். இரண்டு போகமாக அவளுக்குக் கொடி கருகிவிட்டது.

“இல மேல விபூதி கொட்டினாப்புல ஆயிடுதுண்ணா. மூணு தபா மருந்தடிச்சேன். அப்பறம் பாத்தா மருந்து வெள்ளையா, நோவு வெள்ளையான்னே தெரியல” என்றாள். அக்கா புருஷனை அவள் பாவா என்பாள். “தையில போடறதும் போச்சுன்னா பிளாட் போட்டு வித்துடுவேன்னு பாவா சொல்லிக்கினு கீறாரு. கல்லு கூட எறக்கிட்டாரு.”

கைபேசியில் பதிவைக் காட்டினேன். படித்துச் சொன்னேன். தராசைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தாள்.

“மாதேவா? ஐயய்யே, அது பேராண்ணா? எவனோ எங்களுதுன்னு சொல்லிக்கீறான். இவன் அதயே பேருன்னு எழுதிக்கினு பூட்டான்.” அப்புறம் சிரிப்பு நின்றது. “இன்னொரு தபா படி. நோவு வரலன்னு போட்டுக்குதா?”

“ஆங். சாம்பல் நோய் காணவில்லைன்னு போட்டிருக்குது.”

“உன் பொண்ணு அந்தூர்லதானே கீறா? ஒரு கை வெத வாங்கிக்கினு வாண்ணா. தைக்குள்ள.”

இப்படித்தான் கார்த்திகை மாதத்தில், பேரக்குழந்தையைப் பார்க்கப் போகவேண்டிய பயணம் தோசக்காய் விதைக்கான பயணமாக மாறியது. எந்த நாடு என்று எழுதவில்லை. எழுதினால் கோபம் அந்த ஒரு நாட்டின் மேல் மட்டும் போய் நிற்கும். அவ்வளவு சுலபமாக யாரையும் விடுவதாக இல்லை.

செவ்வாய்க்கிழமை இறங்கினேன். விமான நிலைய வாசலிலேயே என் பையைத் திறக்கச் சொன்னார்கள். மனைவி ஈரத்துணியில் சுற்றிவைத்த கறிவேப்பிலைக் கொத்தை ஒரு அதிகாரி கையுறை போட்ட விரலால் தூக்கினார். செத்த எலியைத் தூக்குவது மாதிரி. “தாவரப் பொருள். நோய் வரும்” என்று குப்பைத் தொட்டியில் போட்டார். நியாயம்தான், சட்டம் அப்படி. ஆனால் என் ஊரிலிருந்து ஒரு செடியின் வம்சமே இந்த நாட்டுக்குள் வந்து குளிரறையில் உட்கார்ந்திருக்கிறதே, அதை எந்த வாசலில் யார் கையுறை போட்டுத் தூக்கினார்கள்?

புதன்கிழமை மகள் கோமதி வீட்டில் ரொட்டிக்கு நடுவில் வெள்ளரித் துண்டு வைத்துக் கொடுத்தாள். முழம் நீளம், பச்சை நிறம், ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாகப் பிளாஸ்டிக் சட்டை. கடையில் எல்லாக் காயும் ஒரே அளவில் சிப்பாய்களைப் போல வரிசையில் கிடந்தன. கடித்தால் தண்ணீர் வருகிறது, வேறொன்றும் வரவில்லை. எங்கள் மார்க்கெட்டில் ஒரு கூடையில் இரண்டு தோசக்காய் ஒரே மாதிரி இருந்தால் தேசம்மாவே சந்தேகப்பட்டு முகர்ந்து பார்ப்பாள்.

வியாழக்கிழமை விதை வங்கிக்குப் புறப்பட்டேன். “அப்பா, அங்க போய் சண்டை போடாதீங்க” என்று கோமதி வாசல்வரை வந்து சொன்னாள். போடமாட்டேன் என்றேன். பஸ்ஸில் கண்டக்டர் கிடையாது. இறங்க வேண்டுமானால் கம்பியில் உள்ள பொத்தானை அமுக்க வேண்டுமாம். எனக்குத் தெரியவில்லை. என் நிறுத்தம் கண்ணெதிரே கடந்து போனபோது, எழுந்து நின்று ‘நிறுத்துப்பா’ என்று தமிழிலேயே கத்திவிட்டேன். பஸ் முழுக்கத் திரும்பிப் பார்த்ததே தவிர நிற்கவில்லை. நாயோடு உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர்தான் கையை நீட்டிப் பொத்தானை அமுக்கினார். எங்கே போகிறீர்கள் என்று கேட்டார். சொன்னேன்.

“ஓ, அந்த வங்கியா? என் வீட்டுக்குப் பக்கத்தில்தான். நான் ஒன்றும் போட்டதுமில்லை, எடுத்ததுமில்லை” என்றார். அவர் வேடிக்கையாகத்தான் சொன்னார். நாய் கொட்டாவி விட்டது.

தவறிய நிறுத்தத்திலிருந்து மழையில் திரும்பி நடந்தேன். சாலையின் இரண்டு பக்கமும் கண்ணுக்கு எட்டிய மட்டும் ஒரே பயிர், ஒரே உயரம். ஊடுபயிர் இல்லை, வரப்பில் அகத்தி இல்லை, வேலியில் ஒரு அவரைக்கொடி கூட இல்லை. தங்கள் நிலத்தில் இப்படி எல்லாவற்றையும் வழித்துவிட்டுப் பிறர் நிலத்தில் பலவகை தேடிப் போனார்கள் என்று நினைத்துக்கொண்டே நடந்ததில் குளிர் தெரியவில்லை.

விதை வங்கியில் என்னை அழைத்துப்போன பெண்மணிக்கு என் கோமதியைவிடப் பத்து வயது கூட இருக்கும். வெள்ளரி, பூசணி, சுரை எல்லாம் அவர் பொறுப்பு. நல்ல மனுஷி. அதை முதலிலேயே எழுதிவிட வேண்டும், ஏனென்றால் பிறகு கோபத்தில் மறந்துவிடுவேன். எனக்கு ஒரு கனத்த கோட்டு கொடுத்தார். உள்ளே மைனஸ் பதினெட்டு. மூச்சு புகையாகப் போகிறது. தட்டுத் தட்டாக வெள்ளிக் காகிதப் பொட்டலங்கள். எண்ணைப் பார்த்து ஒன்றை எடுத்து என் கையில் வைத்தார். “மேட்” என்றார்.

சாம்பார்ப்பொடி பாக்கெட் அளவுதான் இருக்கும். குலுக்கினால் உள்ளே சரசரவென்றது. திருத்தணிச் சத்தம்.

வெளியே வந்ததும் அந்தச் சொல்லுக்கு அர்த்தம் தெரியுமா என்று கேட்டேன். ஏதோ சுருக்கெழுத்து என்று நினைத்துக்கொண்டிருந்தார்களாம். ஒவ்வொரு எழுத்துக்கும் ஒரு விரிவு கூட யாரோ யூகம் செய்து வைத்திருந்தார்களாம். நான் அர்த்தத்தைச் சொன்னேன். “எவ்வளவு அழகாக இருக்கிறது!” என்றார். “ஒருவிதத்தில் பொருத்தமான பெயர்தான். இது நம் எல்லோருடையதும்தானே? மனித குலத்துக்கே பொதுவானது.”

இங்கேதான் நான் கோமதிக்குக் கொடுத்த வாக்கை மீறினேன். ஆங்கிலத்தில் அதற்கு ஒரே சொல்தான் உண்டு. நமக்கு அப்படி இல்லை. தமிழில் ‘நம்முது’ வேறு, ‘எங்களுது’ வேறு. தெலுங்கிலும் அப்படியே: எதிரில் நிற்பவரையும் சேர்த்துக்கொண்டால் ‘மனதே’, அவரை வெளியே நிறுத்திவிட்டுச் சொன்னால் ‘மாதே’. மேசைமேல் இருந்த காகிதத்தில் இரண்டு வட்டம் போட்டேன். ஒரு வட்டத்துக்குள் இரண்டு புள்ளி வைத்தேன். இன்னொன்றில் ஒரு புள்ளியை உள்ளேயும் ஒரு புள்ளியை வெளியேயும் வைத்தேன்.

“அந்த உழவர் சொன்னது எது?” என்று கேட்டார்.

“இரண்டாவது.”

“அப்படியென்றால் அதில் நான் இல்லை.”

“இல்லை. நீங்கள் இல்லை.”

அவர் வெளியே இருந்த புள்ளியையே பார்த்துக்கொண்டிருந்தார். குறையாகவும் எடுத்துக்கொள்ளவில்லை.

பயிர் சேகரித்த சரித்திரத்தைக் கொஞ்சம் படித்திருக்கிறேன். முதலில் கப்பலில் வந்தவர்கள் விலைபோகிற செடிகளை ஒரு குடியேற்ற நாட்டிலிருந்து பிடுங்கி இன்னொரு குடியேற்ற நாட்டில் நட்டார்கள். பிற்பாடு எல்லா ஊருக்கும் ஒரே ரகம் என்று புது விதைகள் வந்தன. ஒரே ரகம் போட்டால் ஒரே நோயில் மொத்தமும் போகும் என்று தெரிந்ததும் பழைய ரகங்களைப் பற்றிப் பயம் வந்தது. பழைய ரகம் இருந்தது எங்களைப் போன்ற ஊர்களில். குளிரறை கட்டக் காசு இருந்தது வேறு ஊர்களில். எடுத்துப்போனதற்கு அப்போது வைத்த பெயர்தான் அந்தப் பெண்மணி சொன்ன மனித குலத்தின் பொதுச் சொத்து. தொண்ணூறுகளில் நாடுகள் கூடி, அந்தந்த நாட்டுச் செடி அந்தந்த நாட்டுக்கு உரிமை என்று உடன்படிக்கை எழுதின. அதற்கு முன்னால் போனதை அது தொடவில்லை. வீட்டைத் துடைத்து எடுத்துப்போன பிறகு வாசலுக்கு ஒரு பூட்டு வாங்கிக் கொடுத்தார்கள்.

இதையும் எழுதவேண்டும்: அவர்கள் எடுத்தது சில காய்கள். மீதியைத் தொலைத்தது நாங்கள். கடையில் பளபளப்பான உறையில் விதை வந்தபோது, மானியத்தில் கிடைக்கிறது என்று, ஒவ்வொரு வீடாகப் பழைய விதையை விட்டோம். அந்தக் குளிரறை இல்லையென்றால் மாதே இன்றைக்கு எங்குமே இல்லை. இது தெரிந்தும் கோபம் குறையவில்லை. இரண்டு பக்கமும் பாய வேண்டியிருந்ததால் கூடத்தான் செய்தது.

விதை கேட்டேன். அதற்கு முன், இதுவரை யார் யாருக்குக் கொடுத்திருக்கிறீர்கள் என்று கேட்டேன்.

“பல்கலைக்கழகங்கள். விதை நிறுவனங்கள். சாம்பல் நோயைத் தாங்குகிறது என்பதால் இதை நிறையப் பேர் கேட்பார்கள்.”

“அவர்கள் என்ன செய்ய வேண்டும்?”

“ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட வேண்டும்.”

“நானும் போடுகிறேன். பேனா இருக்கிறது.”

அவர் முகம் சுருங்கியது. தனிமனிதருக்கு, அதுவும் எல்லை தாண்டி, விதை தர அவர்கள் விதியில் இடமில்லை. ஒரு வழி உண்டு என்றார். விதை எடுக்கப்பட்ட இடத்து வேளாண்மை அலுவலகம் ஒன்று, ‘இது எங்கள் பகுதிப் பயிர், எங்கள் உழவருக்குத் தேவை’ என்று ஒரு கடிதம் கொடுத்தால் போதும். அது வந்த அன்றே பொட்டலத்தையும், நோயில்லை என்ற சான்றையும் தானே அனுப்பிவைப்பதாகச் சொன்னார். வாசல்வரை வந்து வழியனுப்பினார். விதை நிறுவனத்துக்கு ஒரு கையெழுத்து. தேசம்மாவுக்கு ஒரு அரசாங்கம் வேண்டும். திரும்பும்போது பஸ்ஸில் பொத்தானைச் சரியாக அமுக்கினேன்.

ஊர் திரும்பியபோது மார்கழி பிறந்திருந்தது. மலைமேல் விடியற்காலைப் பாட்டு, கீழே பஸ் நிலையத்தில் திருப்பதி வண்டிக்குச் சண்டை. திங்கட்கிழமை காலையிலேயே ஊரில் ஓர் அலுவலகத்துக்குப் போனேன். எது என்று சொல்லவில்லை. அங்கே இருந்தவர் தனக்குத் தெரிந்த விதியைத்தான் படித்தார். பதிவின் நகலை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

“சித்தூர் மாவட்டம், ஆந்திரப் பிரதேசம்னு போட்டுக்குது சார். இது நம்ம லிமிட்ல வராது.”

“1960 ஏப்ரல் முதல் தேதியிலிருந்து திருத்தணி இந்தப் பக்கம்.”

“அது நீங்க சொல்றீங்க. பேப்பர்ல இல்லியே.”

“நீங்க உக்காந்துகினு இருக்கிற நாற்காலி எந்த மாநிலத்துல இருக்குதுங்க?” எனக்கே என் குரல் உரக்கக் கேட்டது.

“கோவப்படாதீங்க சார். டீ சொல்லட்டுமா?”

டீயைக் குடித்துவிட்டு வந்தேன். மறுநாள் எல்லைக்கு அந்தப் பக்கம் போவதென்று முடிவு. தேசம்மா தானும் வருவேன் என்றாள். கடையை யார் பார்ப்பது என்றேன். “காயி எங்கியும் ஓடிப்பூடாது. நீ தேதி சொல்லிக்கினே இருப்பே, வேல நடக்காது” என்றாள்.

பஸ்ஸில் எங்களுக்கு முன்னால் ஒருவர், ஒடிந்த கையைத் துண்டில் தொங்கவிட்டுக்கொண்டு, எலும்பு கட்டப் புத்தூருக்குப் போய்க்கொண்டிருந்தார். நெசவுக்காரர், அம்மையார்குப்பம். வலியில் பல்லைக் கடித்துக்கொண்டே எங்கள் கதையைக் கேட்டார். “விதைக்கா இவ்வளவு அலைச்சல்? என் கையை ஒட்டவைக்க எந்த மாநிலம் என்று இவர்கள் கேட்கமாட்டார்கள்” என்று தெலுங்கில் சொன்னார். வண்டி குலுங்கும்போதெல்லாம் டிரைவரின் வம்சத்தை விசாரித்தார்.

நாங்கள் இறங்கிய ஊரில் ஒரு மெஸ்ஸில் சாப்பிட்டோம். இலையில் முதலில் விழுந்ததே தோசக்காய்ப் பப்பு. நான் நெய் விட்டுப் பிசைந்து ரசித்துத் தின்றேன். தேசம்மா ஒரு துண்டை மட்டும் எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தாள். “சப்புன்னு கீது. எங்கிருந்தோ லாரில வந்த லோடு காயி” என்று மெதுவாகச் சொன்னாள். பரிமாறினவன் காதில் விழுந்துவிட்டது. அதற்குமேல் எங்கள் இலைக்கு ஊறுகாய் வரவில்லை.

அங்கே வேளாண்மை அலுவலகத்தில் இருந்தவர் மரியாதையானவர். பதிவைப் படித்ததும் சிரித்தார். அவர் தெலுங்கில் சொன்னதைத் தமிழில் தருகிறேன்: “திருத்தணிமேல் எங்களுக்குப் பிரியம் உண்டு, அதிகாரம் இல்லை. உங்கள் பக்கத்துக்காரர்கள் ஊரை வாங்கிக்கொண்டபோது தோசக்காயையும் சேர்த்துத்தான் வாங்கியிருப்பார்கள். அவர்களையே கேளுங்கள்.”

கேட்டோம், உங்களைக் கேட்கச் சொன்னார்கள் என்றேன். எந்தெந்தத் தேதியில் எந்தச் சட்டப்படி எல்லை மாறியது என்று ஆரம்பித்தேன். தேசம்மா என் முழங்கையில் இடித்தாள். அவர் பொறுமையாக விளக்கினார்: இதெல்லாம் உங்களுதா எங்களுதா என்ற கேள்வியே தப்பு, சட்டப்படி செடி, விதை எல்லாம் தேசத்துக்குச் சொந்தம்.

“தேசத்துதா?” என்றாள் தேசம்மா, தெலுங்கில். “அப்ப என்னுது. என் பேரே தேசம்மா. ஆதார் அட்டை பாக்கறியா நைனா?”

அறை முழுக்கச் சிரித்தது. பக்கத்து மேசையில் இருந்தவர் எழுந்துவந்து அவள் பேரை இன்னொரு முறை கேட்டுச் சிரித்தார். அதிகாரிக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. துடைத்துக்கொண்டு, கடிதம் மட்டும் தரமுடியாது என்றார். அந்தச் சிரிப்பு முடிந்த இடத்தில் எனக்கு ஏற்பட்ட ஆத்திரத்தை எழுத நல்ல தமிழில் வழியில்லை. தேசம்மா சிரிக்கவில்லை. அவள் நிஜமாகவே அட்டையை எடுத்துப் பையிலிருந்து பாதி வெளியே இழுத்திருந்தாள். அதை மறுபடி உள்ளே தள்ளினாள்.

திரும்பி வரும் வழியில், எல்லைச் சாவடிக்குக் கொஞ்சம் முன்னால் பஸ் டயர் வெடித்தது. எல்லோரும் இறங்கிப் புளிய மரத்தடியில் நின்றோம். டிரைவரும் கண்டக்டரும் ஜாக்கி யாருடைய பொறுப்பு என்று பேசிக்கொண்டிருந்தார்கள். சாலைக்குக் கீழே ஒரு தோட்டம், தோசக்காய்க் கொடி தரையில் படர்ந்திருந்தது. தேசம்மா பள்ளத்தில் இறங்கினாள். காயைப் பார்க்கவில்லை, இலையைத்தான் புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். வெள்ளை இருக்கிறதா என்று. அப்புறம் ஒரு காயைக் கையில் ஏந்தி அடிப்பக்கம் திருப்பினாள்.

மோட்டார் கொட்டகைப் பக்கமிருந்து ஒரு கூச்சல் வந்தது.

“ஏய்! மாதே! அதி மாதே!”

லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டே ஒரு ஆள் ஓடிவந்தான். தேசம்மா காயை அப்படியே விட்டுவிட்டுக் கையை உயர்த்திக் காட்டினாள். “மீதே லே நைனா, மீதே! உங்களுதுதான். எவளும் தூக்கிக்கினு போவல. இலயப் பாத்தேன்.” அவன் அருகில் வந்து, அவள் கையையும் மடியையும் பார்த்தபிறகுதான் மூச்சு விட்டான். அப்புறம் இரண்டு பேரும் மருந்து விலையைப் பற்றிப் பேச ஆரம்பித்துவிட்டார்கள். அவன் கொடியிலும் வெள்ளை விழுந்திருந்தது. அவன் போட்டதும் அதே கடை விதை.

மேலே ஏறி வந்தவள் முந்தானையால் கையைத் துடைத்துக்கொண்டு கேட்டாள்:

“ஏண்ணா, உன் பேப்பர்ல ‘மாதே’ன்னு போட்டுக்குதே. அது பேரு கேக்கசொல்ல சொன்னதா, காயப் பறிக்கசொல்ல கத்தினதா?”

இத்தனை நாளாக அந்தப் பதிவை எத்தனை முறை படித்திருப்பேன்! நாளைப் பற்றிச் சண்டை போட்டேன், இடத்தைப் பற்றிச் சண்டை போட்டேன், மேசைமேல் வட்டம் போட்டு இலக்கணம் நடத்தினேன். ‘கொடுத்தவர்: உழவர்’ என்ற வரியில் என் கண் ஒரு முறைகூட நிற்கவில்லை. கொடுத்தார் என்று எழுதியிருந்தது, நம்பிவிட்டேன். வண்டியை நிறுத்தி இறங்கிய ஒருவர் காயில் கை வைத்திருக்கலாம். தூரத்திலிருந்து ஒருவர் ஓடிவந்திருக்கலாம். வந்தவர் அந்தக் கூச்சலைச் சிரத்தையாகக் காதில் வாங்கி, எழுத்துப் பிசகாமல், பெயர் என்ற இடத்தில் எழுதிக்கொண்டிருக்கலாம்.

அன்றைக்கே விதை வங்கிக்கு எழுதினேன். மூன்று திருத்தம் கேட்டேன். திருத்தணி இருப்பது தமிழ்நாட்டில். ‘மாதே’ ரகத்தின் பெயர் அல்ல. ‘கொடுத்தவர்’ என்ற வரியை எடுத்துவிட வேண்டும். அந்தப் பெண்மணியே பதில் எழுதினார். முதல் இரண்டையும் அடிக்குறிப்பாகச் சேர்த்துவிட்டாராம். பழைய வரியை அழிக்க விதி இல்லையாம். அடிக்குறிப்போடு கூடிய புது நகலைத் திருத்தணி அலுவலகத்துக்கு எடுத்துப்போனேன். “மேல இன்னும் ஆந்திரான்னுதானே சார் கீது” என்றார் அதே மனிதர். இந்த முறை டீ வேண்டாம் என்றேன்.

தை பிறந்து மண் காயத் தொடங்கியது. அதற்குமேல் பொறுக்க முடியாமல் தேசம்மா கடை விதையைத்தான் போட்டாள். உறையின் பின்பக்கம், அடுத்த போகத்துக்கு இதிலிருந்து விதை எடுக்கக் கூடாது என்று பொடி எழுத்தில் இருந்தது. இதை எழுதும் வாரம் கொடி ஓடத் தொடங்கியிருக்கிறது. வரப்போரம் பாவா இறக்கிய கற்கள் அப்படியே கிடக்கின்றன. நான் போனபோது ஒரு கல்லின்மேல் உட்கார்ந்து இலைகளைப் புரட்டிக்கொண்டிருந்தாள். “இன்னும் பச்சதாண்ணா” என்றாள், நான் கேட்பதற்கு முன்பே.

மூன்றாவது திருத்தத்துக்கு விதை வங்கி ஆதாரம் கேட்டிருக்கிறது. என்னிடம் இல்லை. உழவர் கொடுத்தார் என்பதற்கு அவர்களிடம் என்ன ஆதாரம் என்று திருப்பிக் கேட்டிருக்கிறேன், பதில் வரவில்லை. 1956 நவம்பர் முதல் தேதிக்கும் 1960 ஏப்ரல் முதல் தேதிக்கும் நடுவில், நகரி சாலையோரத் தோட்டத்தில் சொல்லப்பட்ட அந்தச் சொல் ஒரு கேள்விக்குப் பதிலா, ஒரு திருட்டைப் பார்த்துப் போட்ட கூச்சலா என்பது இதுவரை உறுதிசெய்யப்படவில்லை.